கல்ட் படம் வேறு, கள்ளப் படம் வேறு

மதிப்பிலும் மரியாதையிலும் என்றும் குறை வைக்காத மைத்துனர் அவர்களுக்கு,

உங்கள் தங்கையைக் கட்டியவன் எழுதிக்கொள்வது. நான் இங்கே நலம். நீங்களும் அக்காவும் பிள்ளைகளும் அங்கே நலமாக இருப்பீர்கள், உங்கள் வீட்டுத் தண்ணீர் மோட்டாரும் மக்கர் பண்ணாமல் ஓடிக்கொண்டிருக்கும் என்று நம்புகிறேன். மோட்டார் உறுமிவிட்டு நின்றுபோனால் கண்டென்சரை மட்டும் மாற்றச் சொல்லுங்கள். எவனாவது வந்து காயில் எரிந்துவிட்டது என்று கதை விட்டால் வாசலோடு அனுப்பிவிடுங்கள். உங்கள் தங்கை அங்கே சௌக்கியமாக இருப்பாள் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. இங்கே சௌக்கியம் கொஞ்சம் குறைந்திருப்பதால்தான் இந்தக் கடிதம்.

போனில் பேசித் தொலைக்க வேண்டியதுதானே, எதற்குக் கடிதம் என்று கேட்பீர்கள். போனில் பேசித்தான் மச்சான் இவ்வளவும் வந்தது. போன மாதம் நான் உங்களைக் கூப்பிட்டபோது ஒரு வீட்டு மொட்டை மாடியில் நின்றுகொண்டிருந்தேன், காற்று பிய்த்துக்கொண்டு போனது. உங்கள் பக்கம் மிக்சி ஓடிக்கொண்டிருந்தது. நான் சந்தோஷமாக, “மச்சான், நான் நடிச்சது கல்ட் படமாம்” என்றேன். கல்ட். ஒரு சிலர் மட்டும் பைத்தியமாகி, திரும்பத் திரும்பப் போய்ப் பார்த்து, வசனத்தை மனப்பாடம் செய்து தலையில் தூக்கி வைத்துக்கொண்டு ஆடுகிற படத்துக்கு அப்படி ஒரு பெயராம், இயக்குநர் சொன்னார். உங்கள் காதில் அது கள்ளப் படம் என்று விழுந்திருக்கிறது. “என்னது, கள்ளப் படமா?” என்று நீங்கள் கேட்டது என் காதில் கல்ட் படமா என்றுதான் விழுந்தது. “ஆமா மச்சான், ஒரு இடம் கூட வெட்டலையாம், பசங்க அலைமோதுறாங்க” என்றேன். “இந்த வயசுலயா?” என்றீர்கள். “இந்த வயசுதான் வேணும்னாங்க மச்சான். டிரெய்னிங் ஒண்ணும் கிடையாது. கூச்சப்படாம வீட்டுல எப்படி இருப்பீங்களோ அப்படியே இருங்கன்னுட்டாங்க” என்றேன். நீங்கள் “சீ” என்றது வரைக்கும் கேட்டது. அதற்குப் பிறகு லைன் இல்லை. நான் சிக்னல் போய்விட்டது என்று நினைத்துக்கொண்டு வேலையைப் பார்க்கப் போய்விட்டேன்.

அந்த வாரமே உங்கள் தங்கை பெட்டியைத் தூக்கிக்கொண்டு அங்கே வந்துவிட்டாள். கிளம்புகிற அன்று வாசலில் நின்று, “உங்ககிட்ட ஒரு விஷயம் பேசணும்” என்றாள். ஒரு கட்டடத்தில் லிஃப்ட் நடுவில் நின்று ஆள் மாட்டிக்கொண்டதாக அப்போதுதான் எனக்குப் போன் வந்திருந்தது. “வந்து பேசிக்கலாம்” என்று செருப்பை மாட்டினேன். லிஃப்டிலிருந்து ஆளை இறக்கிவிட்டுத் திரும்பினால் வீடு பூட்டிக் கிடக்கிறது, சாவி பக்கத்து வீட்டில். அவளும் போனை எடுப்பதில்லை, நீங்களும் எடுப்பதில்லை. நான் உட்கார்ந்து யோசித்தேன். நீங்கள் சொன்ன “சீ”க்கும் அவள் தூக்கிய பெட்டிக்கும் முடிச்சுப் போட்டுப் பார்த்தேன். விஷயம் விளங்கிவிட்டது. நீங்கள்தான் அவளுக்குப் போன் போட்டு, உன் புருஷன் இந்த வயதில் இப்படி ஒரு படத்தில் நடித்திருக்கிறான் என்று சொல்லியிருக்கிறீர்கள். உங்கள் மேல் தப்பே இல்லை. தங்கைக்கு அண்ணன் சொல்லாமல் யார் சொல்வார்கள்? ஆனால் நீங்கள் கோர்ட்டில் பெஞ்சு கிளார்க்காக இருந்து ஓய்வு பெற்றவர். எதிர்த்தரப்பையும் கேட்காமல் எந்த வழக்கும் முடிந்து நீங்கள் பார்த்திருக்க மாட்டீர்கள். ஆகையால் நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். படித்து முடித்ததும் நீங்களே அவளைப் பேருந்தில் ஏற்றிவிடுவீர்கள், எனக்கு அதில் துளியும் ஐயமில்லை.

மூடிக்கிடந்த ஒரு பெரிய சலவைக்கூடத்தில் வயரிங் கோளாறு என்று என்னைக் கூப்பிட்டார்கள். மூடிக்கிடக்கிற இடத்துக்கு எதற்கு எலக்ட்ரீஷியன், மெஷினையெல்லாம் எப்போதோ எடுத்துக்கொண்டு போய்விட்டார்களே என்று நினைத்தபடி டெஸ்டரைக் காதில் சொருகிக்கொண்டு உள்ளே போனேன். உள்ளே தரையெல்லாம் தண்ணீர். நடுவில் ஒரு தொட்டிக்குள் வெறுங்காலோடு ஒருத்தர் நின்றுகொண்டு சமுதாயத்தைத் திட்டிக்கொண்டிருக்கிறார். அவர் கைக்கு மேலே ஒரு வயர் தோல் உரிந்து தொங்குகிறது. “யோவ், செத்துப் போகணுமா? இறங்கு கீழே” என்று கத்திக்கொண்டே போய் அவரைத் தோளில் பிடித்து இழுத்து வெளியே போட்டேன். அவர் நாடகப் பள்ளியில் படித்துப் பட்டம் வாங்கியவராம், விழுந்தபோது கூட அழகாக விழுந்தார். அப்போதுதான் மூலையில் கேமரா இருப்பதையும், அதற்குப் பின்னால் ஒரு தாடி இருப்பதையும் பார்த்தேன். தாடிக்குள் எங்கேயோ இரண்டு கண். அந்தக் கண்ணில் தண்ணீர். நான் ஏதோ உடைத்துவிட்டேன், அழுகிறார் என்று நினைத்தேன். ஓடி வந்து என்னைக் கட்டிப் பிடித்துக்கொண்டார். “அண்ணே, இத்தனை நாளா உங்களைத்தாண்ணே தேடிட்டிருந்தேன்” என்கிறார். நேற்றே போன் பண்ணியிருந்தால் நேற்றே வந்திருப்பேனே என்றேன்.

அவர்தான் இயக்குநர். ஊரில் எல்லோரும் அவரைத் தாடி என்றுதான் கூப்பிடுகிறார்கள், அவரும் அதற்குத்தான் திரும்பிப் பார்க்கிறார். கதைக்கு எதிராக, பாட்டுக்கு எதிராக, நாயகனுக்கு எதிராக, குடும்பப் படத்துக்கு எதிராக ஒரு படம் எடுப்பதாகச் சொன்னார். “குடும்பத்துக்கு எதிராவா?” என்று நான் பையை மாட்டிக்கொண்டேன். “குடும்பப் படத்துக்குத்தாண்ணே, குடும்பத்துக்கு இல்லை” என்று சமாதானம் சொன்னார். படித்த நடிகர்களை வைத்து எடுத்தால் அவர்கள் நடித்துத் தொலைக்கிறார்களாம். “எனக்கு நடிக்கத் தெரியாத ஆள்தாண்ணே வேணும், நீங்க சுத்தமா நடிக்கத் தெரியாதவரு” என்றார். பாராட்டா திட்டா என்று புரியவே எனக்குச் சாயங்காலம் ஆகிவிட்டது. படத்துக்குப் பெயர் ‘ஈயம் பூசாத வானம்’. அர்த்தம் கேட்டேன். கேட்கக் கூடாதாம்.

இந்தத் தொழிலில் எனக்கு ஏற்பட்ட ஒரே சிக்கல் ‘கட்’. நீங்களே நியாயத்தைச் சொல்லுங்கள். எங்கள் வேலையில் ஏணி மேலே நிற்கிறவன் ‘கட்’ என்றால் கீழே நிற்கிறவன் மெயினை இறக்க வேண்டும். ஏன் எதற்கு என்று கேட்டுக்கொண்டிருந்தால் மேலே இருப்பவன் கரிக்கட்டை. அந்தச் சொல் காதில் விழுந்தால் என் கை என்னைக் கேட்காமலே போய்விடும். முதல் காட்சியில் நான் போர்டுக்குப் பக்கத்தில் நிற்கிறேன், தாடி ‘கட்’ என்றார், நான் மெயினை இறக்கினேன். சலவைக்கூடம் முழுக்கக் கும்மிருட்டு. யாரோ தொட்டிக்குள் விழுந்த சத்தம். மன்னிப்புக் கேட்டுவிட்டு மறுபடி எடுத்தோம். மறுபடி ‘கட்’ என்றார், மறுபடி இறக்கினேன். “அண்ணே, அது கேமராக்காரருக்குச் சொல்றதுண்ணே” என்று கெஞ்சினார். “தம்பி, யாருக்கு வேணா சொல்லுங்க, என் காதுல விழுந்தா நான் இறக்கத்தான் செய்வேன், இத்தனை வருஷமா ஒரு ஆளைக்கூடச் சாகவிடாம வச்சிருக்கிற கை இது” என்றேன். அவர் தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். கொஞ்ச நேரம் கழித்து எழுந்து, “இதுதாண்ணே படம்” என்றார். ஆகையால் அந்தப் படத்தில் எந்தக் காட்சியும் முடிவதே இல்லை, திடீரென்று இருட்டிவிடும். ஒரு பத்திரிகையில் இதை அதிகாரத்தின் இருளைப் பார்வையாளன் முகத்தில் அறைகிற உத்தி என்று எழுதியிருந்தார்கள். அறைந்தது நான்தான்.

படம் முதலில் வெளியானபோது தியேட்டரில் ஈ ஓட்டினார்கள். இருட்டியதும் கரண்ட் போய்விட்டது என்று நினைத்து வந்தவர்களும் எழுந்து போனார்கள். பிறகு ஞாயிற்றுக்கிழமைக் காலைக் காட்சி மட்டும் போடலாம் என்று ஒரு சின்னத் தியேட்டரில் சொன்னார்கள். அங்கேதான் பிடித்துக்கொண்டது. இப்போது போய்ப் பாருங்கள், வருகிறவன் எல்லாம் என்னை மாதிரியே காக்கிச் சட்டை, காதில் டெஸ்டர். பெண் பிள்ளைகளும் டெஸ்டர் சொருகிக்கொண்டு வருகிறார்கள். அந்தத் தொட்டிக் காட்சி வந்தால் “இறங்கு கீழே” என்று தியேட்டரே சேர்ந்து கத்துகிறது. திரை இருண்டால் எல்லோரும் டார்ச் அடிக்கிறார்கள். என் முகம் போட்ட பனியன் விற்கிறது, அதில் என் மூக்கு கொஞ்சம் கோணல், அது அச்சுக் கோளாறு. வேலைக்குக் கூப்பிடுகிறவர்கள் பாதிப் பேர் பொய்க் கோளாறு. ஃபேன் ஓடவில்லை என்பார்கள், போனால் ஜம்மென்று ஓடிக்கொண்டிருக்கும். ஏணி மேல் வேண்டுமென்றே ஒருத்தன் ஏறி நின்றுகொண்டு என் முகத்தையே பார்ப்பான். நான் “இறங்கு கீழே” என்று சொல்கிற வரைக்கும் இறங்க மாட்டான். சொன்னதும் வீடே கைதட்டும். சரி, பிழைத்துப் போங்கள் என்று வந்துவிடுவேன்.

ஒரு கல்லூரியில் என்னை மேடையில் உட்கார வைத்துக் கேள்வி கேட்டார்கள். கண்ணாடி போட்ட ஒரு பேராசிரியர் எழுந்து, உங்கள் பாணி எந்த வகையைச் சேர்ந்தது என்று கேட்டார். வயரிங் பற்றிக் கேட்கிறார் என்று நினைத்து, “வீட்டுக்கெல்லாம் சிங்கிள் ஃபேஸ்தாங்க, பெரிய இடம்னா திரீ ஃபேஸ் போவேன்” என்றேன். எழுந்து நின்று கைதட்டினார்கள். அடுத்த படத்தில் தாடி என்னைப் பிணமாகப் படுக்க வைத்தார். முந்தின நாள் முழுக்க ஏணி வேலை, அசந்து தூங்கிக் குறட்டை விட்டுவிட்டேன். அதையும் வெட்டாமல் வைத்துவிட்டார். மரணத்துக்குள்ளும் உயிர் மூச்சு விடுகிறது என்று எழுதினார்கள். இதெல்லாம் பார்த்து ஒரு பெரிய கம்பெனியிலிருந்தும் ஆள் விட்டார்கள், எலக்ட்ரீஷியன் வேடம், ஒரே ஒரு காட்சி. போய் நின்றேன். மேலும் கீழும் பார்த்துவிட்டு, எலக்ட்ரீஷியன் மாதிரியே இல்லையே என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். அதில் எனக்கு வருத்தமில்லை. அந்த வேடத்தில் நடித்தவரை அப்புறம் பார்த்தேன், டெஸ்டரைத் தலைகீழாகப் பிடித்திருந்தார், ஆனால் சிரிப்பு நன்றாக இருந்தது.

இப்போது முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். படத்தில் ஒரு பெண் இருக்கிறாள், மறைக்கவில்லை. நிஜத்தில் பேருந்து நடத்துநர். அவரையும் நடிக்கத் தெரியாது என்றுதான் தாடி பிடித்து வந்தார். அவர் வீட்டில் நான் சுவிட்சு மாற்றுவதாகக் காட்சி. நான் ஸ்குரூவைக் கழற்றிக்கொண்டிருக்கிறேன், அந்த அம்மா சமையலறை வாசலில் உட்கார்ந்து அழ ஆரம்பித்துவிட்டது. நிஜ அழுகை. கடைவாய்ப் பல் வலி, காலையிலிருந்து யாரிடமும் சொல்லாமல் இருந்திருக்கிறது. கேமரா ஓடுவது எனக்குத் தெரியாது. ஸ்குரூ டிரைவரைக் கீழே வைத்துவிட்டு ஒரு முக்காலியை இழுத்துப் போட்டு எதிரே உட்கார்ந்தேன். “என்னம்மா ஆச்சு? நிதானமா சொல்லு, எனக்கு ஒண்ணும் அவசரமில்லை” என்றேன். அது பல்லில் ஆரம்பித்தது. அங்கிருந்து வேலை, அங்கிருந்து மாமியார், அங்கிருந்து சின்ன வயதில் தொலைந்துபோன ஒரு தோழி என்று எங்கெங்கோ போனது. நான் ஒரு வார்த்தை குறுக்கே பேசவில்லை. தாடியும் ‘கட்’ சொல்லவில்லை. உலகப் படங்களிலேயே ஒருத்தர் பேசுவதை இன்னொருத்தர் இப்படிக் கேட்டதே இல்லை என்று வெளியூரிலிருந்து வந்தவர்கள் சொன்னார்கள். தியேட்டரில் அந்த இடத்தில் மட்டும் டார்ச் கிடையாது, கத்தல் கிடையாது, காதில் டெஸ்டர் சொருகினவன் கூட மூக்கை உறிஞ்சுகிறான்.

மச்சான், இதைத்தான் நான் என் தரப்புச் சாட்சியாக வைக்கிறேன். முக்காலிக்கும் அந்த அம்மாவுக்கும் நடுவில் ஒரு பீரோ வைக்கலாம், அவ்வளவு தூரம். விரல் நுனி படவில்லை. அது நடிப்பும் இல்லை. அழுகிறவர்களைப் பார்த்தால் உட்கார்ந்து என்ன ஏது என்று கேட்பது என் சுபாவம். என்னை எல்லோருக்கும் பிடிப்பதே அதனால்தான். நான் எப்போதும் அப்படித்தான். இதைப் போய்க் கள்ளப் படம் என்று ஒரு பெண்பிள்ளை பெட்டி தூக்கலாமா? அவள் இன்றுவரைக்கும் படத்தைப் பார்க்கவே இல்லை. வா என்று எத்தனையோ தடவை கூப்பிட்டேன், துவைக்கிற வேலை இருக்கிறது என்பாள். பார்க்காமலே தீர்ப்பு எழுதிவிட்டாள், அதுதான் எனக்கு ஆற மாட்டேன் என்கிறது.

ஒன்று சொல்லிவிடுகிறேன், உங்களிடம் எனக்கென்ன கௌரவம். அவள் இல்லாமல் எனக்கு ஒன்றும் ஓடவில்லை. ஊரிலுள்ள வீட்டுக்கெல்லாம் வெளிச்சம் போட்டுவிட்டு வந்து என் வீட்டில் கூடத்து விளக்கைப் போடாமலே உட்கார்ந்திருக்கிறேன். டீ போட்டால் சர்க்கரை டப்பா கிடைக்க மாட்டேன் என்கிறது. கிடைத்தால் டீ ஆறிவிடுகிறது. பனியனில் என் முகம் போட்டுக்கொண்டு ஊரே சுற்றுகிறது, வீட்டில் சாப்பிட வா என்று கூப்பிட ஒரு ஆள் இல்லை.

ஆகவே என் கோரிக்கை இதுதான். வருகிற ஞாயிறு காலை அந்தத் தியேட்டரில் எனக்கு ஒரு பாராட்டு வைத்திருக்கிறார்கள். நீங்கள் உங்கள் தங்கையை அழைத்துக்கொண்டு வந்து முன் வரிசையில் உட்கார வேண்டும். படத்தைப் பார்த்தால் அவள் கோபம் புகையாய்ப் போய்விடும், நான் எப்படிப்பட்ட ஆள் என்று அவளுக்கே தெரிந்துவிடும். பிறகு மூன்று பேரும் ஒன்றாக வீட்டுக்கு வருவோம். அக்காவுக்கு என் வணக்கத்தையும், பிள்ளைகளுக்கு என் அன்பையும், மோட்டாருக்கு ஒரு சொட்டு எண்ணெயையும் சேர்ப்பிக்கவும். உங்கள் வீட்டில் விளக்கு அணையாமலும் பேச்சு நிற்காமலும் இருக்க வேண்டும் என்று வாழ்த்துகிற,

உங்கள் தங்கை கணவன்.

பின்குறிப்பு: மேலே உள்ளதைப் படித்திருந்தால் மறந்துவிடுங்கள். உறையை ஒட்டப்போன நேரத்தில் தாடி வந்தார். பாராட்டுக்கு உங்கள் தங்கை வருவாள் என்று பெருமையாகச் சொன்னேன். “அம்மாதான் எல்லா வாரமும் வர்றாங்களேண்ணே” என்றார். கடைசி வரிசையில் உட்காருவாளாம், நடத்துநர் அம்மா பேசி முடித்ததும் எழுந்து போய்விடுவாளாம். உங்களிடம் முழங்காலுக்கு வைத்தியம் என்று சொல்லிவிட்டு வருவதாக அவரிடம் சொல்லியிருக்கிறாள், முழங்காலுக்கு ஒன்றுமில்லை, பயப்பட வேண்டாம். அவள் முதல் தடவை பார்த்தது பெட்டி தூக்குவதற்கு முந்தின நாள். அன்றைக்குத் தாடியை நிறுத்தி, “அந்த இடத்துல அவரு நடிச்சாரா, இல்ல நிஜமாவே அப்படிப் பேசினாரா?” என்று கேட்டிருக்கிறாள். இந்த மனுஷன் என் மேல் உள்ள பிரியத்தில், “அவருக்கு நடிக்கவே தெரியாதும்மா, அது அசல் அவரேதான்” என்று மார்தட்டியிருக்கிறார். “நடிச்சிருந்தா விட்டிருப்பேன்” என்றாளாம். “என்கிட்ட ஒரு நாள் கூட இப்படி உக்காந்து கேட்டதில்லை. வராதுன்னுதான் இத்தனை வருஷமா நினைச்சிட்டிருந்தேன். அவருக்கு வரும்னு இப்பதானே தெரியுது” என்றாளாம். ஆகையால் மச்சான், உங்கள் காதிலும் தப்பில்லை, கல்ட்டுக்கும் கள்ளத்துக்கும் இதில் சம்பந்தமே இல்லை. தாடி போய்விட்டார், பாராட்டு வேண்டாம் என்று சொல்லி அனுப்பினேன். இந்தக் கடிதத்தைத் தபாலில் போடவில்லை, காலை வண்டியில் நானே எடுத்துக்கொண்டு வருகிறேன். அவளுக்காக நீங்கள் எதுவும் பேச வேண்டாம், எனக்காகவும் பேச வேண்டாம். இந்த வாரம் வேலைக்குக் கூப்பிட்டிருந்தவர்களுக்கெல்லாம் வர முடியாது என்று சொல்லிக்கொண்டிருக்கிறேன். அப்புறம் எப்போதுதான் வருவீர்கள் என்று கேட்கிறார்கள். என் மனைவி பேசி முடித்த பிறகு என்று சொல்லியிருக்கிறேன்.